நிலையான விலை

ஒரு நாட்டின் வருமானம் சென்ற ஆண்டைவிட இவ்வாண்டு கூடியிருப்பின் அதற்குக் காரணங்கள் இரண்டு. மக்கள் மிகுதியாக உற்பத்தி செய்திருக்கலாம். அல்லது அதே பொருள்கள் விலையேறியிருக்கலாம். விலையேற்றத்தைக் கழித்த பின் எஞ்சுவதே உண்மையான வளர்ச்சி. அக்காள் பணிபுரிந்த புள்ளியியல் அலுவலகத்தின் மூன்றாம் மாடியில் ஆண்டு முழுவதும் இந்தக் கழித்தலே நடைபெற்றது.

தம்பி அதே அலுவலகத்தின் விலை சேகரிப்பாளன். மாதந்தோறும் நகரின் இரு பெரிய சந்தைகளுக்கும் சென்று, நூற்றுப் பன்னிரண்டு இனங்களின் விலையைக் கேட்டுப் படிவத்தில் நிரப்புவது அவன் வேலை. பணி தற்காலிகமானது. நிரந்தர ஆணை கையெழுத்துக்காக இயக்குநரின் மேசையில் கிடந்தது. அவன் மனைவிக்கு அப்போது ஏழு மாதம்.

பத்தாண்டு வருமானத்தை ஒரே அட்டவணையாக்கும் பொறுப்பு அக்காளிடம் வந்த பிறகே அவள் பழைய படிவங்களைப் புரட்டினாள். அவற்றைச் சரிபார்க்க வேண்டிய மேற்பார்வையாளர் பதவி நெடுங்காலமாகக் காலியாக இருந்தது. தம்பியின் கையெழுத்தில், முடிவெட்டும் கூலி இருபத்தெட்டு மாதங்களாக நாற்பது. சோப்பு, மண்ணெண்ணெய், செருப்புத் தைக்கும் கூலி, எதுவும் அசையவில்லை. சென்ற ஞாயிறன்று தன் மகனுக்கு முடிவெட்ட அவள் எழுபத்தைந்து கொடுத்திருந்தாள்.

அவனை மாடிப்படித் திருப்பத்திற்கு அழைத்தாள்.

“நீ சந்தைக்குப் போறியா இல்லையாடா?”

“என்னக்கா இப்படிக் கேட்டுட்ட? கொட்டற மழையிலகூடப் போயிருக்கேன்.”

“அப்ப எந்தக் கடையில நாற்பதுக்கு வெட்டறாங்க?”

“எங்கயும் இல்ல. போன வாரம்கூட அந்தக் கடைக்காரர் சொன்னார், நாற்பதுக்குன்னா பாதித் தலைதான் வெட்டுவேன்னு.” அவன் சிரித்தான், அவள் சிரிக்கவில்லை.

“பின்ன ஏன் நாற்பதுன்னு எழுதின?”

“நீதானேக்கா எழுதச் சொன்ன?”

அவன் பையிலிருந்து, மடிப்பில் கிழிந்துபோன பயிற்சிக் குறிப்பை எடுத்து நீட்டினான். அவள் வரைந்த குறிப்பு அது. வாக்கிய அமைதிக்காக இயக்குநரே அதைப் பாராட்டியிருந்தார். ஒரு வரியின் கீழ் மட்டும் சிவப்பு மையால் கோடு போட்டிருந்தான்: ‘நாட்டு வருமானத்தைக் கணிக்கையில் விலைகள் நிலையானவையாகக் கொள்ளப்படும்.’

“நிலையா வச்சுக்கணும்னா மாத்தக் கூடாதுன்னுதானே அர்த்தம்? முதல் மாச விலையை அப்படியே வச்சுக்கிட்டேன். கடைக்காரங்க ஏத்திச் சொன்னா காதுல வாங்கிக்குவேன், எழுத மாட்டேன்.”

“அது கணக்குப் போடற எங்களுக்குடா. உனக்கில்ல.”

“அப்படின்னு எங்க போட்டிருக்கு?”

எங்கும் போட்டிருக்கவில்லை.

“கேட்ட விலையை வேற எதுலயாவது குறிச்சு வச்சிருக்கியா?”

“வேண்டாததை எதுக்குக்கா குறிக்கணும்?”

கழிந்த மாதத்தின் விலையை இன்று சந்தைக்குச் சென்று கேட்டறிதல் இயலாது, விற்றவருக்கே நினைவிராது. நாட்டின் விலைக் குறியீட்டில் அவ்விரு சந்தைகளின் பங்கு மூன்றில் ஒன்று. விலை ஏறவில்லை என்று படிவம் கூறியதால், ஏறிய பணமெல்லாம் வளர்ச்சியாகப் பதிவாயிற்று. ஆறு சதவீத வளர்ச்சி என்று அறிவிக்கப்பட்ட ஆண்டை அவள் தாளில் தோராயமாகப் போட்டுப் பார்த்தாள். நாடு வளரவில்லை; சற்றே தேய்ந்திருந்தது. அந்த ஆறு சதவீதத்தைக் காட்டித்தான் பேருந்துக் கட்டணச் சலுகை நிறுத்தப்பட்டது. அதன் பின்னர் தம்பி சந்தைக்கு நடந்தே போய்வந்தான்.

“மேல சொல்லப் போறியாக்கா?”

“முழுப் பூசணிக்காயைச் சோத்துல மறைக்கச் சொல்றியா?”

“என் வேலை போயிடும்.”

“தப்பு என் வாக்கியத்துல. அதைத்தான் சொல்லப் போறேன்.”

இயக்குநர் படிவங்களை இறுதிவரை படித்தார். எழுந்து கதவைச் சாத்தினார்.

“வேற யாருக்காவது காட்டினீங்களாம்மா?”

“இல்ல சார்.”

“அறிவிச்ச வளர்ச்சி எண்ணைத் திருப்பி வாங்கினா முதல்ல உங்க தம்பி போவான், அடுத்து நீங்க, மூணாவது நான். வரிசை நல்லாத்தான் இருக்கு.”

“அப்ப உண்மையான விலை, சார்?”

“வரட்டும், யார் தடுத்தா? ஒரேயடியா வந்தா கண்ணை உறுத்தும். மாசம் ஒண்ணு ரெண்டுன்னு ஏத்திட்டே வாங்க. ரெண்டு வருஷத்துல சந்தையை எட்டிப் பிடிச்சிடலாம்.” நிரந்தர ஆணையை இழுத்து முன்னால் வைத்தார், பேனாவைத் திறக்கவில்லை. “ரெண்டு வருஷ விலையையும் பட்டியலாப் போட்டுக் கொண்டாங்க. கையெழுத்துப் போடறேன்.”

படித் திருப்பத்தில் காத்திருந்த தம்பியிடம் இயக்குநர் சொன்னதை அவள் கூறினாள்.

“இத்தனை நாள் தெரியாம எழுதினேன், அதுக்குப் பேரு தப்பு. இதுக்கு என்ன பேருக்கா?”

“உனக்கு வேண்டாம்னா சொல்லிடுடா.”

“வேண்டாம்னு வீட்டுல போய் அவகிட்ட நீ சொல்றியா?”

அவள் தன் மேசைக்குத் திரும்பினாள். இரண்டு நாள் அமர்ந்து பட்டியலைத் தட்டச்சு செய்தாள்: நூற்றுப் பன்னிரண்டு வரிசை, இருபத்துநான்கு மாதங்கள். இன்னும் எந்தக் கடையிலும் எவரும் சொல்லாத விலைகள். மூன்றாம் நாள் ஆணை கையெழுத்தாயிற்று.

மறு மாத முதல் தேதியன்று, அலுவலகம் திறந்த சிறிது நேரத்திற்கெல்லாம் தம்பி மூன்றாம் மாடிக்கு வந்தான். தோளில் பை இல்லை; செருப்பில் தூசி இல்லை. நாற்காலியை அவள் மேசையருகே இழுத்துப் போட்டு, வெற்றுப் படிவத்தை விரித்தான்.

“சந்தைக்குப் போகலையாடா?”

“எதுக்கு?” அவன் பேனாவின் மூடியைக் கழற்றினான். “சொல்லுக்கா. இந்த மாசம் கோதுமை மாவு என்ன விலை?”

அவள் பட்டியலின் முதல் வரியை வாசிக்கத் தொடங்கினாள்.