குடம் தூக்க மாட்டேன்

சாந்தோம் கோயில் பின்சந்துக்கு லூயிசா ஆஸ்பத்திரியிலிருந்து கைப்பிள்ளையோடு வந்து ஐந்து நாள்தான் ஆகியிருந்தது. வயிற்றை அறுத்து எடுத்த பிள்ளை. 1946-இல் அந்தச் சந்தில் அப்படிப் பெற்றவள் அவள் ஒருத்திதான். பார்க்க வந்தவர்கள் பிள்ளையைவிட அவள் வயிற்றைத்தான் அதிகம் பார்த்தார்கள்.

ஒத்தாசைக்கென்று வந்திருந்தாள் அவள் புருஷன் மரியதாஸின் அக்கா மதலேனம்மா. காலையில் தெருக்குழாயில் தண்ணீர் வந்ததும் பித்தளைக் குடத்தை லூயிசாவின் காலடியில் வைத்தாள்.

"போய்ப் புடிச்சினு வா."

"மாட்டேன் அண்ணி. புள்ள கனத்துக்கு மேல ஆறு வாரத்துக்கு எதையும் தூக்கக் கூடாதுன்னு டாக்டரம்மா சொல்லிக்கீறாங்க."

"டாக்டரம்மாவா வந்து உலை வைக்கப் போறா? நான் பெத்த மூணாம் நாளே நெல்லு குத்தினவ. நோகாம பெத்துட்டு மகாராணி கணக்கா படுத்துக்கினு கீறியே!"

நோகாமலா! இருமல் வந்தாலே தலையணையை வயிற்றில் அழுத்திக்கொண்டு துடித்தவள் அவள். லூயிசா சின்னச் செம்பு ஒன்றை எடுத்துக்கொண்டு குழாயடிக்குப் போனாள். குனியாமல், முதுகு நிமிர்ந்தபடி மெல்லக் குந்தி, செம்பைப் பிடித்து வயிற்றோடு அணைத்து எழுந்தாள். வீட்டு அண்டாவில் ஊற்றினாள். திரும்பவும் போனாள். திரும்பவும்.

"இன்னாம்மா கூத்து இது?" என்றாள் வரிசையில் நின்ற சூடாமணி.

"இதான் என் அளவு. அண்டா ரொம்பற வரைக்கும் நடப்பேன்" என்றாள் லூயிசா, சந்து முழுக்கக் கேட்க.

எட்டாவது நடையில் மரியதாஸ் கோட்டு மாட்டிக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பி வெளியே வந்தார். வரிசையில் பாதிப் பேர் அவரிடம் படிக்கும் பிள்ளைகளின் தாய்மார்கள்.

"உள்ள வா லூயிசா. மானம் போவுது."

"போவுதுன்னா குடத்தை நீங்க தூக்குங்க. உள்தையல் பிரிஞ்சா உங்க புள்ளைக்கு யாரு பால் குடுக்கறது?"

வாத்தியார் கோட்டைக் கழற்றி அவள் கையில் கொடுத்தார். இடுப்பில் வைக்கத் தெரியாமல் குடத்தைத் தோளில் ஏற்றினார். யாரோ கிளுக்கென்று சிரித்தார்கள். ஆறு குடம் சுமந்துவிட்டு, நனைந்த சட்டையோடே பள்ளிக்கூடம் போனார்.

மத்தியானம் மதலேனம்மா சோற்றைத் தொடவில்லை. சண்டைக்கு ஆயத்தமாகத்தான் லூயிசா எதிரில் போய் உட்கார்ந்தாள்.

"மூணாம் நாள் குத்தினேன்னேன் இல்ல," மதலேனம்மா சுவரைப் பார்த்துச் சொன்னாள். "அன்னிலேர்ந்து கர்ப்பப்பை கீழ எறங்கிக்கினு கீதுடி. பதினெட்டு வருசமா துணி வச்சுக் கட்டிக்கினு நடக்கறேன். ஒருத்தர் கிட்டயும் சொன்னதில்ல."

லூயிசாவின் கோபத்துக்குப் போக இடமில்லாமல் போயிற்று.

"மாட்டேன்னு சொல்லியிருக்கலாமே, அண்ணி."

"அப்பிடிச் சொல்லலாம்னு யாருக்குடி தெரியும்?"

வியாழக்கிழமை தையலைக் காட்ட ஆஸ்பத்திரிக்குப் போனபோது லூயிசா அவளையும் இழுத்துக்கொண்டு போனாள். அறை வாசலில் மதலேனம்மா தயங்கினாள். "வேணாம்டி, வெக்கமா கீது."

லூயிசா அவள் கையிலிருந்த பிள்ளையை வாங்கிக்கொண்டு, அவளை முன்னால் தள்ளினாள்.

"டாக்டரம்மா, மொதல்ல இவங்களப் பாருங்க."