அட்டையின் மூலையில் இருந்தவள்

கதாநாயகியின் இடது தோளைக் கறுப்பு மார்க்கரால் மூடிவிட்டு வலது தோளுக்கு வந்தான் முகம்மது சித்தீக். குவைத்தின் ஃபர்வானியாவில் வீடியோ கடை வைத்தால், டிவிடி அட்டையில் இருக்கும் பெண்களுக்குச் சட்டை மாட்டிவிடுவதும் கடைக்காரன் வேலைதான். பதினோரு வருடமாக அமெரிக்கச் சீமாட்டிகளுக்கெல்லாம் அவன்தான் தையல்காரன்.

ஒருத்திக்கு மட்டும் அவன் மார்க்கர் தேவைப்பட்டதேயில்லை. மார்த்தா கெல்லன். கழுத்துவரை பொத்தான் போட்ட நர்ஸ், கதாநாயகியின் அக்கா, பக்கத்து வீட்டுக்காரி, அழுகிறவளுக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுப்பவள். அட்டை மூலையில் தபால்தலை அளவுக்கு உருவம். இருபத்து மூன்று படத்தில் ஒன்றில்கூட அவளுக்குக் கல்யாணம் ஆகவில்லை, நாலில் செத்துப்போனாள். இந்த வருடம்தான் துணை நடிகைக்கென்று ஏதோ பரிசு கொடுத்தார்கள். அன்றைக்குக் கடைக்கு வந்தவர்களுக்கெல்லாம் சித்தீக் சுலைமானி டீ வாங்கிக் கொடுத்தான். எதற்கென்று ஒருவனும் கேட்கவில்லை. குடித்துவிட்டுப் போனார்கள், ஓசிப் பயல்கள்.

பரிசு வாங்கிய படம் இன்றைக்கு நாற்பது பிரதி வந்திருந்தது. பெட்டியைப் பிரிக்கும்போது முதலாளி மஹ்மூது வந்தார். கூடவே அவருடைய மருமகன். கீழக்கரையிலிருந்து வந்து நாலு நாள்தான் ஆகிறது. கடைக்குள்ளும் கூலிங்கிளாஸைக் கழற்றவில்லை. ஒரு டிவிடியை எடுத்து, பளபளக்கிற பக்கத்தில் கட்டைவிரலை அழுத்திப் பிடித்துப் பார்த்தான். சித்தீக் அதை வாங்கிச் சட்டை முனையால் துடைத்து வைத்தான்.

"சித்தீக்கு, சால்மியா கடைய மருமவன் பாத்துக்கிடுவாரு. பதினஞ்சு நாள் கூட இருந்து தொழிலச் சொல்லிக் குடு."

இரண்டு நோன்புப் பெருநாளாக "அது ஒனக்குத்தான்" என்று அவர் வாயாலேயே சொல்லிவந்த கடை. அதை நம்பித்தான் சித்தீக் லீவு கேட்கவில்லை. மகள் நடக்கத் தொடங்கியதையும் போனில்தான் கேட்டுக்கொண்டான்.

"எனக்குண்டு சொன்னீகளே காக்கா?"

மஹ்மூது சிரித்தார். அட்டை மூலையிலிருந்த மார்த்தாவை விரலால் சுண்டினார்.

"இவளுக்கும்தான் பரிசு குடுத்துட்டாக. அதுக்காவ கதாநாயகி ஆயிட்டாளா? ஊறுகா இல்லாம சோறு எறங்காதுதான். அதுக்காவ ஊறுகாயவே சோறாத் திங்க முடியுமா?"

மருமகனும் சிரித்தான். மாமனார் சிரித்தால் சிரிக்க வேண்டும் என்கிற அளவுக்குத் தொழில் அவனுக்குத் தெரிந்திருந்தது.

சீ, இவரெல்லாம் ஒரு மனுஷன்! அவர்மேல் வந்த அருவருப்பைவிட, இந்த வாய்க்கு முன்னால் பதினோரு வருடம் 'காக்கா, காக்கா' என்று அண்ணன் முறை வைத்து நின்ற தன்மேல் வந்ததைத்தான் சித்தீக்கால் தாங்க முடியவில்லை.

கடையைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு இருவரும் மதிய லுஹர் தொழப் போனார்கள். அப்படியே சாப்பிட்டுவிட்டு வருவார்கள். சித்தீக் மார்க்கரை எடுத்தான். இந்தத் தடவை தோளோடு நிறுத்தவில்லை. கழுத்து, மோவாய், அந்தப் பேர்போன மூக்கு, கண் என்று கதாநாயகி மொத்தமாகப் போனாள். அடுத்தது கதாநாயகன். பிறகு படத்தின் பெயர். நாற்பது அட்டையையும் முடித்துத் தெருவைப் பார்த்த கண்ணாடி அலமாரியில் வரிசையாக அடுக்கினான்.

திரும்பி வந்த மஹ்மூது வாசலிலேயே நின்றுவிட்டார்.

"அட பாவி! என்னடா பண்ணி வச்சிருக்கே? இது யாரு படமுண்டு எவனுக்குத் தெரியும்?"

"மார்த்தா கெல்லன் படம் காக்கா." சித்தீக் கடைச் சாவியை மேசைமேல் வைத்தான். "விசாவ கேன்சல் அடிச்சுக் குடுங்க. நான் ஊருக்குப் போறேன்."

வெளியே ஒரு பாகிஸ்தானி லாரி டிரைவர் கண்ணாடியில் மூக்கை ஒட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். நாற்பது கறுப்பு அட்டைகள். ஒவ்வொன்றின் மூலையிலும், கழுத்துவரை பொத்தான் போட்ட ஒரு நர்ஸ், கையில் தண்ணீர் டம்ளரோடு அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.