கோட்டைக்குள் ஒரு பாடு

பங்குனி மாதத்துச் செவ்வாய்க்கிழமை ஒன்றில், பழவேற்காடு ஏரியிலிருந்து கை விரித்து அளக்கும் கணக்கில் நாற்பது பாகம் நீளமும் முப்பது பாகம் அகலமும் உள்ள தண்ணீர் தனியே கிளம்பி, கரையேறி, டச்சுக்காரர்களாகிய ஒல்லாந்தரின் கோட்டைக்குள் போய் நின்றது. ஏரியில் அது இருந்த இடம் சேறு தெரியப் பள்ளமாகக் கிடந்தது. சுற்றியிருந்த தண்ணீர் அதற்குள் சரியவில்லை. படகுகள் பள்ளத்தைச் சுற்றிக்கொண்டு போயின. அந்த வாரம் இறால் கொஞ்சம் மந்தம்.

காரணம் எங்கள் குப்பத்தில் எல்லோருக்கும் தெரியும். ஏரியில் எந்த நாள், எந்த இடத்தில், யார் வலை விரிப்பது என்று சீட்டுப் போட்டுப் பிரித்துக்கொள்வது எங்கள் வழக்கம். அந்த முறைக்கும் இடத்துக்கும் பாடு என்று பெயர். ஒருவன் பாடு உள்ள தண்ணீரில் இன்னொருவன் வலை நனைக்கக் கூடாது. பாடு உள்ளவன் தப்பே செய்திருந்தாலும், கூட்டத்தில் நிறுத்தி, இன்ன காரணம் என்று முகத்துக்கு நேரே சொல்லி, அவன் பதிலையும் கேட்ட பிறகுதான் விலக்கலாம். புகார் சொன்னவன் தீர்ப்புச் சொல்ல உட்காரக் கூடாது. இதையெல்லாம் யாரும் எழுதி வைக்கவில்லை. எழுதாததால் அதிகாரத்தில் இருந்த எவனாலும் அடித்துத் திருத்தவும் முடியவில்லை.

அந்தச் செவ்வாய் அந்தத் தண்ணீர் அங்கமுத்துவின் பாடு. வலையைத் தோளில் போட்டுக்கொண்டு தண்ணீரில் இறங்கியவனைச் சிப்பாய்கள் பிடித்துப் போய்க் கோட்டை அறை ஒன்றில் அடைத்தார்கள். அவன் எதுவும் செய்யவில்லை. செய்ததாகக் கோட்டையும் சொல்லவில்லை. இங்கிலீஷ்காரன் கப்பல் ஒன்று கடலில் தென்பட்டிருந்தது. முகத்துவாரத்து மணல் திட்டுகளைக் கண்ணை மூடிக்கொண்டு கடக்கத் தெரிந்தவன் அங்கமுத்து. அவன் நாளைக்கு எதிரிக்கு வழி காட்டினாலும் காட்டுவான் என்று கோட்டைத் தளபதிக்கு ஓர் எண்ணம், அவ்வளவுதான். அதை அவனிடம் யாரும் சொல்லவில்லை. ஏழாம் நாள், கடலுக்கு அப்பால் ஜாவாத் தீவிலுள்ள பத்தாவியாவுக்குக் கிளம்பும் கப்பலில் அவனை ஏற்றிவிடுவதாக முடிவு. அப்படி ஏறியவர்களில் ஒருவரும் திரும்பி வந்ததில்லை.

தண்ணீர் அவனைத் தேடிப் போய் முற்றத்தில் முழங்கால் அளவுக்கு நின்றது. சிப்பாய்கள் நாள் முழுக்க வாளியில் இறைத்துக் கொட்டினார்கள். கொட்டிய தண்ணீர் வாசல் வழியாகவே திரும்பி வந்தது. அங்கமுத்துவின் மனைவி செல்வம்மாள் கோட்டை வாசலில் போய் நின்றாள். வீட்டுக்குப் போகும்படி, கோட்டைக்கு மொழிபெயர்த்துச் சொல்லும் துபாஷி நீலமேகம் நல்லவிதமாகவும் சொன்னார், மிரட்டியும் சொன்னார்.

"அவரு இன்னா பண்ணாருனு அவராண்ட சொல்லச் சொல்லுங்க. அத்த சொல்லாத, தண்ணி போவாதுங்க" என்றாள் அவள்.

மூன்றாம் நாள் தளபதியே அறைக் கதவருகே வந்து, முத்திரை வைத்த காகிதம் ஒன்றை ஒல்லாந்து மொழியில் படித்தார். அங்கமுத்து மரியாதையாகக் கேட்டுக்கொண்டான். தண்ணீர் இடுப்பு வரை ஏறி வெடிமருந்து நனைந்தது. புரியாத பாஷையில் சொல்வது சொன்னதாகாது என்று நீலமேகம் தயங்கித் தயங்கி எடுத்துச் சொன்னார். அதையே மறுநாள் தமிழில் படித்தபோது தண்ணீர் முழங்காலுக்கு இறங்கியது. விஷயம் முடிந்தது என்று தளபதி பூட்ஸைக் காயவைத்தார். தண்ணீர் அதற்கு மேல் இறங்கவில்லை. சொல்லியாகிவிட்டது, தன் புருஷனின் பதிலை யார் கேட்டது என்றாள் செல்வம்மாள். ஐந்தாம் நாள் கேட்டார்கள்.

அங்கமுத்து ஒன்றே ஒன்று சொன்னான். "நாளைக்கு நான் இன்னா பண்ணுவேன்னு எனக்கே தெரியாது. தொரைக்கு மட்டும் எப்படித் தெரிஞ்சிச்சி?"

புகார் சொன்ன தளபதியே, அந்தப் பதில் செல்லாது என்று தீர்ப்பும் சொன்னார். சொல்லி வாய் மூடுவதற்குள் தண்ணீர் அவர் மார்புக்கு வந்துவிட்டது. எங்கள் குப்பத்துக் கைக்குழந்தைகூடச் செய்யாத தப்பு அது.

ஆறாம் நாள் விடியும்போதே பத்தாவியா கப்பல் வந்து நின்றது. அன்று காலை, இந்த விவகாரத்தில் சம்பந்தப்படாத மூன்று பேர், கோட்டை வைத்தியர், துணிக் கிடங்குக்காரர், அந்தக் கப்பலின் தலைவர், மேசை மேல் கால்களைத் தூக்கி வைத்து உட்கார்ந்து விசாரித்தார்கள். என்ன சாட்சி என்று தளபதியைக் கேட்டார்கள். அவரிடம் எண்ணம்தான் இருந்தது. மதியத்துக்குள் கதவைத் திறந்துவிட்டார்கள்.

அங்கமுத்து உடனே வெளியே வரவில்லை. தன் பாடு இன்னும் முடியவில்லை என்று சொல்லிவிட்டு, முற்றத்தில் நிதானமாக வலை விரித்தான். பாடு நடக்கும் தண்ணீரில் பிறர் நிற்கக் கூடாது என்பதால், தளபதி படியேறி ஒதுங்கி நின்றார். ஒரு கூடை மடவை மீன் கிடைத்தது. எங்களுக்கு அன்று இருந்த சந்தோஷம் கொஞ்சநஞ்சமல்ல. தண்ணீர் அவன் பின்னாலேயே நடந்து ஏரிக்குப் போய்ப் பள்ளத்தில் படுத்துக்கொண்டது. அவன் அடைபட்டிருந்த அறையில் மட்டும் கணுக்கால் அளவு தங்கிவிட்டது.

தண்ணீர் நிற்கும் இடம் என்பதால் அடுத்த வருடச் சீட்டில் அந்த அறையையும் ஒரு பாடாகச் சேர்த்தார்கள். சீட்டு விழுந்தவன் வலையோடு கோட்டைக்குப் போவான்; காவலர்கள் வழி விடுவார்கள். உள்ளே யாராவது அடைபட்டிருந்தால், எதற்குப் பிடித்தார்கள் என்று சொன்னார்களா, உன் பதிலைக் கேட்டார்களா என்று விசாரிப்பான். இல்லை என்று பதில் வந்தால் அங்கேயே உட்கார்ந்துவிடுவான். தண்ணீர் ஏறத் தொடங்கும். பிறகு ஒல்லாந்தர் போனார்கள், கொடி மாறியது, கோட்டை இடிந்தது. கைதிகளைப் புதிய அறைக்கு மாற்றியபோது தண்ணீரும் அங்கே மாறியது, சீட்டும் மாறியது. அந்தப் பாடு யாருக்கும் இரண்டு நண்டுக்கு மேல் கொடுத்ததில்லை. சீட்டில் அது விழுந்து வேண்டாம் என்று சொன்னவரும் இதுவரை இல்லை.