கண்ணாடிக் கூடு

வாய்க்கரிசி போடுவதற்காக அப்பாவின் தாடையைக் கட்டியிருந்த துணியை நிலக்ஷி அவிழ்த்துக்கொண்டிருந்தாள். முடிச்சு இறுகிப்போயிருந்தது. முந்தாநாள் அதைப் போட்டவளும் அவள்தான். அப்போதும் அழவில்லை, இப்போதும் அழுகை வரவில்லை. முடிச்சை நகத்தால் நெம்புவது ஒரு வேலையாக இருந்தது, அவ்வளவுதான்.

"கண்ணாடியையும் பெட்டிக்குள்ள வச்சிரு," என்றான் அண்ணன் சுதாகரன். கொழும்பில் கடையில் நிற்பவன், செய்தி கேட்டு ஓடி வந்தவன். "அது இல்லாட்டி அப்பாவுக்குப் பத்தடியில நிக்கிறது மாடா மனுசனான்னு தெரியாது."

சுற்றி இருந்த பெண்கள் லேசாகச் சிரித்தார்கள். தோட்டத்து லய வீட்டின் வாசலில் நின்ற காளியாயி சிரிக்கவில்லை.

காளியாயியின் மகன் தர்ஷன் ஒன்றரை வருடமாகச் சிறையில் இருக்கிறான். தேயிலைக் கொழுந்து நிறுக்கும் கொட்டகைக்குப் பக்கத்தில் கணக்கப்பிள்ளையின் மண்டையை உடைத்தான் என்று வழக்கு. கண்ட சாட்சி ஒருவர்தான், நிலக்ஷியின் அப்பா சோலைமலை. பனிமூட்டத்துக்குள் நீல ரெயின்கோட்டோடு ஓடியது தர்ஷன்தான் என்றார். அந்த வருடம் தோட்டத்தில் எல்லா ஆண்களுக்கும் நீல ரெயின்கோட்டுதான் கொடுத்திருந்தார்கள். கண் தெரியுமா என்று தர்ஷனின் லோயர் கேட்டபோது, அப்பா மூக்குக் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு கோர்ட்டுச் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்து மணி சொன்னார். ஒரு நிமிடம்கூடத் தப்பவில்லை. சம்பவத்தன்று அந்தக் கண்ணாடி மூக்கில் இருந்ததா என்று யாரும் கேட்கவில்லை. லயத்தில் அவருக்கு அரிச்சந்திரன் என்றே பேர். அவரிடம் போய் யார் கேட்பார்கள்?

அன்றைக்குக் கண்ணாடி தலவாக்கலை டவுனில் மக்பூல் நானாவின் கண்ணாடிக் கடையில் இருந்தது. அதன் உடைந்த காலை மாற்றக் கொண்டுபோய்க் கொடுத்தவள் நிலக்ஷி. கண்ணாடி இல்லாமல் எப்படித் தெரிந்தது என்று தீர்ப்பு வந்த அன்று ஒரே ஒரு தடவை அவள் கேட்டாள். "நடையப் பாத்தாலே எனக்குத் தெரியும்," என்று அப்பா அதட்டினார். அதோடு அவளும் வாயை மூடிக்கொண்டாள். காளியாயியைத் தண்ணி பைப்படியில் பார்க்கும்போதெல்லாம் வெட்கம் பிடுங்கித் தின்றது.

போன திங்கட்கிழமை காளியாயி லோயர் எழுதிக் கொடுத்த ஒரு சத்தியக் கடதாசியோடு வந்தாள். மேன்முறையீடு அடுத்த மாதம். முகத்தைச் சரியாகப் பார்க்கவில்லை என்று அவர் கையெழுத்துப் போட்டால் ஒரு வழி பிறக்கும் என்று லோயர் சொன்னாராம். அப்பா கடதாசியையே பார்த்துக்கொண்டிருந்தார். "ஞாயித்துக்கெழம வா தங்கச்சி," என்றார். வெள்ளிக்கிழமை நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. இன்று ஞாயிற்றுக்கிழமை.

துணி அவிழ்ந்தது. நிலக்ஷி அலமாரியிலிருந்து கண்ணாடிக் கூட்டை எடுத்துத் திறந்தாள். கண்ணாடிக்கு அடியில் மடித்த தாள் ஒன்று இருந்தது. மக்பூல் நானா கடை ரசீதுச் சிட்டு. அப்பாவின் பெயர், கண்ணாடியைக் கொடுத்த தேதி, திரும்ப எடுத்த தேதி. கணக்கப்பிள்ளை அடிபட்டது அந்த இரண்டு தேதிகளுக்கும் நடுவில். பஸ் டிக்கட்டைக்கூட இறங்கியதும் கிழித்துப் போடுகிற மனிதர், இதை மட்டும் பத்திரமாக வைத்திருந்தார்.

"நேரமாவுது," என்றான் சுதாகரன். "மூணு மணிக்கு எடுக்கணும்."

அவள் கண்ணாடியை அப்பாவின் கைப்பக்கத்தில் வைத்தாள். சிட்டு உள்ளங்கையில் இருந்தது.

பெண்கள் ஒவ்வொருவராக வந்து அரிசி போட்டார்கள். கடைசியில் காளியாயி உள்ளே வந்தாள். சுதாகரன் குறுக்கே வந்தான்.

"அவங்க போடட்டும்ணே," என்றாள் நிலக்ஷி.

காளியாயி அப்பாவின் திறந்திருந்த வாயைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். மண்ணை வாரித் தூற்றப்போகிறாள் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அவள் ஒரு மணி சிந்தாமல் அரிசியைப் போட்டாள்.

"இன்னிக்கு வரச் சொன்னீங்களேண்ணே," என்று அப்பாவின் முகத்தைப் பார்த்துச் சொன்னாள்.

நிலக்ஷி சிட்டை அவள் கையில் வைத்தாள்.

"என்னா புள்ள இது?"

"அன்னிக்கு அப்பா கண்ணாடி கடையில கெடந்துச்சு. இத லோயர்கிட்ட குடுங்க. நானும் வந்து சொல்றேன்."

"பொணத்த வச்சிக்கிட்டு என்னா பேச்சு பேசுற?" என்றான் சுதாகரன். "அப்பாவப் பொய்க்காரர்னு சொல்றியா?"

"கண்ணு தெரியாதுன்னு நீங்கதானேண்ணே சொன்னீங்க."

காளியாயி சிட்டைச் சேலைத் தலைப்பில் வைத்து முடிந்தாள். கையில் ஒட்டியிருந்த அரிசியும் இரண்டு மணி அதோடு போயிற்று.

நிலக்ஷி துணியை எடுத்து அப்பாவின் தாடையை மறுபடியும் கட்டினாள். இந்தத் தடவை முடிச்சை இறுக்கவில்லை.