வேரோடு பிடுங்கிய பெருமை

பாறைச் சரிவில் ஒற்றைச் செடியாக நின்ற மஞ்சள் பூவைத் தாவரவியல் பேராசிரியர் கண்டார். கடுகுக் குடும்பத்தில் இதுவரை யாரும் பார்க்காத இனம் என்று அங்கேயே முடிவுகட்டினார். இனி அதற்குத் தன் பெயரைச் சூட்டுவதுதான் பாக்கி. வேரோடு பிடுங்கி, காகிதத்தில் அழுத்திக் காயவைத்து ஆய்வகத்துக்கு அனுப்பினார்.

அங்கிருந்து அவருடைய பழைய மாணவர் போனில் அழைத்தார். "சார், நீங்க நடத்துன பாடந்தான். கடுகு வகையில பூவை மட்டும் வெச்சு இனத்தைச் சொல்ல முடியாது, காயைப் பாக்கணும். செடி காய்ச்சதும் ஒண்ணு அனுப்பிடுங்க."

போனை வைத்தவரிடம் மனைவி கேட்டாள். "என்னங்க, மூஞ்சி தொங்குது?"

"காய் வேணுமாம்."

"போய்ப் பறிச்சிட்டு வாங்களேன்."

"இருந்ததே ஒரு செடிதான்."

"அப்ப உங்க பேரை நம்ம நாய்க்கு வெச்சிடலாம். அதுவும் செடியைக் கண்டா வேரோடதான் பிடுங்குது."