காணாமல் போன 'னு'

அணை நீரில் மூழ்கிய ஊரின் வரலாற்றைப் படமாக எடுப்பதிலேயே அவளுடைய இளமை பாதி கரைந்துவிட்டது. முடிகிற வழியைக் காணோம். "உன் மூத்த பிள்ளை இன்னும் தவழுதே பாப்பா" என்று எடிட்டர் கிண்டல் செய்வார். அவள் அவரை அண்ணா என்றே கூப்பிடுவாள். எடுத்ததையெல்லாம் அவரிடம் கொடுத்துவிட்டு நிம்மதியாகத் தூங்குவாள்.

ஒருநாள் தையல்காரம்மா ஃபோன் செய்தார். "அணை ஆபீஸ்காரங்க எங்க ஊரப் பத்திப் படம் போடுறாங்களாம். உங்களுதுதானே?"

"இல்லக்கா. ஆனா வரேன்."

படம் போட்ட அரங்கில் இருவரும் அருகருகே உட்கார்ந்தார்கள். அணைக்கட்டு, மதகு, பச்சை வயல். பிறகு திரையில் தையல்காரம்மாவே வந்தார், தன் வீட்டில், தையல் மெஷின் பக்கத்தில். பேட்டி எடுத்த அன்று அந்த ஜன்னல் திரையை வெளிச்சத்துக்காக ஒதுக்கிக் கட்டியது அவள்தான்.

"சந்தோஷமா போனோம்" என்றார் திரையிலிருந்தவர். ஒரு நொடி அமைதி. பிறகு இசை.

அன்று அவர் சொன்னது வேறு. "சந்தோஷமா போனோம்னு சொல்லச் சொன்னாங்க, வீட்ட இடிச்சுட்டு." யாரிடமும் பேசாதவர், 'சொன்னத மாத்தக் கூடாது' என்று வாக்கு வாங்கிக்கொண்டுதான் அவளிடம் வாய் திறந்திருந்தார்.

அந்த ஒரு நொடி அமைதியில் தையல்காரம்மா வீட்டு மின்விசிறி கிறீச்சிட்டது. பேட்டி முடிந்ததும் எல்லோரையும் வாய்மூட வைத்து, அறையின் சும்மா இருக்கும் சத்தத்தை அவள் தனியாகப் பதிவு செய்வாள். வெட்டிய இடத்தில் ஒட்டுப் போட அது வேண்டும். 'ம்'முக்கும் 'னு'வுக்கும் நடுவே காதுக்குத் தெரியாமல் கத்தி வைக்கிற கை ஊரிலேயே ஒன்றுதான். அந்தக் கையைப் பற்றி அவளே போகிற இடமெல்லாம் பெருமை பேசியிருந்தாள்.

வெளியே தேநீர் மேசையருகே எடிட்டர் நின்றிருந்தார்.

"அண்ணா, 'னு' எங்க?"

அவர் புரியாதது போல் நடிக்கவில்லை. "ஒரு எழுத்துதானே பாப்பா. உன் படம் எந்தக் காலத்துல வெளிய வரப்போகுது? இப்பவாவது அந்தம்மா முகத்த நாலு பேர் பார்த்தாங்க."

"நான் பதிஞ்ச அமைதிய வெச்சே ஒட்டியிருக்கீங்க."

"ஒட்டு தெரியலல்ல?" என்றார். கேட்ட பிறகுதான் தலையைக் குனிந்துகொண்டார்.

அதற்குள் பழைய ஊர்க்காரர்கள் தையல்காரம்மாவைச் சூழ்ந்திருந்தார்கள். "சந்தோஷமாவா போனோம்? எங்களையும் சேர்த்துல்ல சொல்லிட்ட" என்றது ஒரு குரல். அவர் கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவளிடம் வந்தார்.

"மூச்சுகூட விடாதீங்கன்னு சொன்னீங்க. விடாம உட்கார்ந்திருந்தேன். இதுக்குத்தானா?"

"நான் வெட்டலக்கா."

"பின்ன யாரு?"

பெயரைச் சொல்லத்தான் வாயைத் திறந்தாள். பழகிய நாக்கு வேறொன்றைச் சொல்லிவிட்டது.

"அண்ணன்."

"அப்ப உங்க வீட்டு ஆளுதான்" என்று சொல்லிவிட்டு, தையல்காரம்மா திரும்பிப் பார்க்காமல் படியிறங்கிப் போனார்.