மேர்சியின் சனிக்கிழமைகள்

மார்ச் மாதம் வந்தால் டென்மார்க்கின் ஹொல்ஸ்டெப்ரோவில் எல்லாரும் செய்வதைத்தான் மேர்சியும் செய்தாள். வரிக் கந்தோரின் இணையப் பக்கத்தைத் திறந்து வருடக் கணக்கைப் பார்த்தாள். முதியோர் இல்லச் சம்பளம், வேலைக்குப் போய்வந்த தூரம், தொழிற்சங்கச் சந்தா என்று எல்லாவற்றையும் அவர்களே நிரப்பியிருந்தார்கள். சரியென்றால் பேசாமல் மூடிவிடலாம். அவளுக்கு மூட மனம் வரவில்லை. அவளுடைய சனிக்கிழமைகள் அதில் இல்லை.

சனிக்கிழமைகளில் அவள் மணப்பெண்களைச் சோடிப்பாள். விடியமுன் காரை எடுத்தாளென்றால் ஹேர்னிங், கோல்டிங் என்று எங்கே கலியாணம் நடந்தாலும் பெண்ணுக்குச் சேலை கட்டுவது அவள்தான். ஒரு மடிப்புப் பிசகாது. ஆனால் கூலி என்று எவரும் வாய் திறந்து சொன்னதில்லை. மொய் வைப்பதுபோல ஒரு என்வலப்பை அவள் கைப்பைக்குள் செருகி, "எங்கட சந்தோசத்துக்கு" என்பார்கள். பிறகு நாலு பேருக்கு முன்னால், "மேர்சி சும்மா உதவிக்கு வந்தவ" என்று அறிமுகம் வேறு. அந்தச் சும்மாவைக் கேட்டுக் கேட்டு அவளுக்குக் காது புளித்துப்போயிற்று.

அன்றைக்குப் பார்த்து, கணவனின் அக்கா விக்ரோரியா, தன் மகளையும் சோடித்துவிடச் சொல்லி, கலியாணச் சேலைகளோடு வந்திருந்தாள்.

"இந்தச் சோடிப்புக் காசுக்குக் கணக்குக் காட்ட வேணுமோ?" என்று மேர்சி கேட்டாள்.

கணவன் யோசேப் சிரித்தான். "உதுக்கெல்லாம் ஆர் கணக்குக் காட்டுறது? எங்கட ஆக்களுக்குச் செய்யிறது ஒரு வேலையோ?"

அந்தச் சிரிப்புத்தான் அவளைக் கிளப்பிவிட்டது. வரிக் கந்தோருக்குப் போன் எடுத்து, இருவருக்கும் கேட்கட்டுமென்று சத்தத்தைக் கூட்டி வைத்தாள்.

மறுமுனையில் ஒரு டெனிஷ்காரி பொறுமையாக விளக்கினாள். "சொந்தக்காரருக்கு எப்போதாவது கைகொடுப்பதென்றால் ஒன்றும் அறிவிக்கத் தேவையில்லை. சம்பாதிக்கவென்று தொடர்ந்து செய்தால் அறிவிக்கத்தான் வேண்டும். உங்களுடையது எது?"

"உதவி எண்டு சொல்லும்," என்று யோசேப் கிசுகிசுத்தான். விக்ரோரியாவும் தலையாட்டினாள். அந்த ஒரு சொல்லோடு கதை முடிந்துவிடும். மேர்சி போனைத் தன் பக்கம் இழுத்தாள்.

"வேலை," என்றாள் டெனிஷில். "காசுக்குத்தான் செய்கிறேன். நன்றாகவும் செய்கிறேன்."

"அப்படியென்றால் நீங்கள் கட்டாயம் அறிவிக்க வேண்டும்."

மேர்சிக்கு யாரோ மாலை போட்டதுபோல் இருந்தது.

போனை வைத்ததும் யோசேப் தலையில் கை வைத்தான். "இஞ்சேரும், வீணா வரியைத் தேடிப் போய் வாங்கிறீர்."

"வாங்கிறன். உழைக்கிறவளுக்குத்தான் வரி. சும்மா வாறவளுக்கு ஆர் போடுவினம்?"

விக்ரோரியா முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு சேலைகளை மடித்தாள். "அப்ப எனக்கும் பில் தரப் போறியோ? சொந்த மச்சாளுக்கு?"

"ஓம் மச்சாள். முதல் பில் உங்களுக்குத்தான். இருங்கோ, விலையையும் சொல்லுறன்."